நான்கு ஜிபிக்கு மேல் ஏறாது

செங்கல்பட்டு
25 பிப்ரவரி 2025

மானசா,

வாட்ஸ்அப்பில் சாரி சாரி என்று அனுப்பிக்கொண்டிருக்காதே, சொல்ல ஏதாவது இருந்தால் உட்கார்ந்து முழுசாக ஒரு மெயில் எழுது என்று வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டே சொல்லிவிட்டுப் போனாய். எழுதி எழுதி அழித்துக்கொண்டிருந்தேன். இன்று லீவு போட்டுவிட்டு உட்கார்ந்திருக்கிறேன்.

சனிக்கிழமை கேட்கிற நிலையில் நீ இல்லை, சொல்கிற நிலையில் நானும் இல்லை. நடந்ததை முதலிலிருந்து சொல்கிறேன்.

பரணைச் சுத்தம் செய்யும்போது உன் பழைய வீடியோ கேம் கன்சோல் கிடைத்தது. நீ எட்டாவது படிக்கும்போது உன் அப்பா ஜப்பானிலிருந்து வாங்கி வந்தாரே, அதுதான். டிஸ்க்கைப் போட்டால் உள்ளே கரகரவென்று சுற்றிவிட்டு வெளியே துப்பிவிட்டது. கம்பெனியில் என் லைனில் இருக்கும் கிரிஷிடம் சொன்னேன். கன்சோலுக்குள் இருக்கும் மென்பொருளைக் கொஞ்சம் மாற்றிவிட்டால் டிஸ்க்கே வேண்டாம், வெளியே ஒரு ஹார்ட் டிஸ்க்கைச் செருகி அதிலிருந்தே கேம் ஓட்டலாம் என்றான். மாற்றியும் கொடுத்தான். அவனிடம் அதே கன்சோல் நல்ல நிலையில் இருக்கிறது. உன் டிஸ்க்குகளை அதில் போட்டு, கோப்புகளாக எடுத்து ஒரு பென்டிரைவில் தந்தான். மிச்சம் இருந்தது ஒரே வேலை, அந்தக் கோப்புகளை ஹார்ட் டிஸ்க்குக்கு மாற்றுவது.

அந்தக் கன்சோல் பழைய முறையில் ஃபார்மட் செய்த டிஸ்க்கைத்தான் படிக்கும். மேஜை டிராயரில் கறுப்பு ஹார்ட் டிஸ்க் இரண்டு இருந்தன. ஒரே கம்பெனி, ஒரே அளவு, நாம் சேர்ந்து வாங்கியவை. ஒன்று என்னுடையது, காலி. மற்றது உன்னுடையது. திறந்து பார்த்துவிட்டு ஃபார்மட் கொடுத்திருக்க வேண்டும். நான் திறந்து பார்க்கவில்லை, அழிந்தது உன்னுடையது.

நீ வீட்டுக்கு வந்ததும் டிவியில் உன் கேம் ஓடிக்கொண்டிருக்கும், நீ ஆச்சரியப்படுவாய் என்று நினைத்திருந்தேன். நீ உள்ளே வந்தபோது திரையில் இருந்தது காலி டிஸ்க்.

அதற்குப் பிறகு அதைக் கம்ப்யூட்டரில் செருகவே இல்லை. ஒரு துண்டில் சுற்றி பீரோவில் வைத்திருக்கிறேன். என்ன செய்ய வேண்டும் என்று நீ சொல்.

கிருஷ்ணன்

கல்பாக்கம்
27 பிப்ரவரி 2025

கிருஷ்ணா,

உன் மெயில் உங்கள் கம்பெனியில் விபத்து நடந்தால் எழுதுவார்களே, அந்த அறிக்கை மாதிரி இருந்தது. எல்லாம் வரிசையாக இருக்கிறது. ஒரு வாக்கியத்தை மட்டும் விட்டுவிட்டாய்.

“ரெக்கார்டிங்தானே, இன்னொரு தடவ போய்ப் பேசிட்டு வந்தா ஆச்சு.”

டிஸ்க் அழிந்ததற்காக நான் பெட்டியைத் தூக்கவில்லை. கை தவறுவது யாருக்கும் நடக்கும். நான் தரையில் உட்கார்ந்து அழுதுகொண்டிருக்கும்போது நீ இதைச் சொன்னாய். அதற்காகத்தான் அம்மா வீட்டுக்கு வந்தேன்.

அதில் என்ன இருந்தது என்று உனக்குத் தெரியுமா? மூன்று வருஷம். மாமல்லபுரத்திலிருந்து சதுரங்கப்பட்டினம் வரை குப்பம் குப்பமாகப் போய், மீன் கூடை சுமந்து தெருத்தெருவாக விற்கும் பெண்களோடு உட்கார்ந்து பதிவு செய்தது. ஆறு மாதம் போனபிறகுதான் ஒருத்தி வாயைத் திறந்தாள். எந்தக் கண்டக்டர் கூடையோடு ஏற்றுவான், எவன் பாதி வழியில் இறக்கிவிடுவான், ஏலத்தில் யார் யாருக்கு விட்டுக்கொடுப்பார்கள், எந்தத் தெருவுக்குப் போவது, எதை விடுவது என்று எல்லாம் அதில் இருந்தது. இந்தப் பேச்சை ஒரே மாதிரி இரண்டு முறை யாரும் பேச மாட்டார்கள். இதில் பாதியைத்தான் எழுத்தில் எடுத்திருக்கிறேன். மே மாதம் ஆய்வேட்டைக் கொடுக்க வேண்டும்.

இன்னொரு பிரதி எடுத்து வை என்று என் வழிகாட்டி வசுமதி மேடம் பார்க்கும்போதெல்லாம் சொல்வார். நான் எடுக்கவில்லை. அதை நீ சொல்லிக் காட்டவில்லை. அதற்கு மட்டும் நன்றி.

மேடத்திடம் இன்னும் சொல்லவில்லை. அம்மா மூன்று வேளையும் எனக்குப் பிடித்ததாகவே சமைக்கிறாள். இங்கே யாரும் எதுவும் கேட்பதில்லை. அது இன்னும் கஷ்டமாக இருக்கிறது.

டிஸ்க்கை நீ தொடாதே.

மானசா

செங்கல்பட்டு
1 மார்ச் 2025

மானசா,

அந்த வாக்கியத்தை நான் மறக்கவில்லை. எழுதப் பயந்துதான் விட்டேன். அதை எப்படித் திருப்பி எடுப்பது என்று தெரியவில்லை. தெரிந்ததும் எழுதுகிறேன்.

இன்று வேறு ஒரு விஷயம். தயவுசெய்து கடைசி வரை படி.

நேற்று ஷிஃப்ட் முடிந்து கம்பெனி பஸ்ஸில் வரும்போது நடந்ததையெல்லாம் கிரிஷிடம் சொன்னேன். பாதியிலேயே நிறுத்தச் சொன்னான். “மச்சான், நீ அளுவறதெல்லாம் அப்பால அளுதுக்கோ. ஃபார்மட் பண்ணதுக்கு அப்பறம் கேமை உள்ள ஏத்துனியா, இல்லியா? அத்த மட்டும் சொல்லு.”

ஏற்றப் பார்த்தேன், ஏறவில்லை என்றேன். ‘கோப்பு மிகப் பெரியது’ என்று செய்தி வந்தது. திரும்பத் திரும்ப முயற்சி செய்தும் அதேதான். எல்லாக் கேமும் அப்படியே. கன்சோலைத் திட்டிக்கொண்டிருந்தேன். அந்தச் சமயத்தில்தான் நீ வந்தாய்.

பஸ்ஸில் எல்லோரும் திரும்பிப் பார்க்கிற மாதிரி கிரிஷ் என் முதுகில் ஒன்று வைத்தான்.

அவன் விளக்கியதை எனக்குப் புரிந்த அளவில் சொல்கிறேன். அந்தப் பழைய ஃபார்மட்டில் நான்கு ஜிபிக்கு மேற்பட்ட கோப்பு எதுவும் ஏறாது. உன் கேம் ஒவ்வொன்றும் அதைவிடக் கொஞ்சம் பெரியது. அவற்றைத் துண்டு துண்டாகப் பிரித்துத்தான் ஏற்ற வேண்டும். பிரிப்பதற்குத் தனியாக ஒரு சாஃப்ட்வேர் உண்டு. எனக்கு அது தெரியாது, அதனால் ஒரு கேம்கூட ஏறவில்லை. ஃபார்மட் செய்யும்போது டிஸ்க்கின் தொடக்கத்தில் இருக்கும் விவரப் பட்டியல்தான் அழிகிறது. அதற்குப் பின்னால் இருக்கும் பதிவுகள், மேலே வேறு எதையாவது எழுதும்வரை அங்கேயேதான் இருக்கும். நான் எதையும் எழுதவில்லை. எழுதத் தெரியவில்லை.

தெரிந்திருந்தால் அன்றைக்கே உன் மூன்று வருஷத்தின் மேல் ஐந்து கேமையும் கொட்டியிருப்பேன்.

எல்லாம் வரும் என்று கிரிஷ் சொல்லவில்லை. பெரும்பாலும் வரும் என்கிறான். பெயர்கள் வராது. இதற்கென்று இருக்கும் சாஃப்ட்வேரை ஓட்டி, கிடைப்பதை என் டிஸ்க்கில் சேர்க்க வேண்டும். உன் டிஸ்க்கில் ஒரு எழுத்துகூட எழுதக் கூடாது.

தொடாதே என்றாய். அதனால் கேட்கிறேன். தொடலாமா?

கிருஷ்ணன்

கல்பாக்கம்
4 மார்ச் 2025

கிருஷ்ணா,

உன் மெயிலை முதலில் படித்தது அப்பா. என்னால் முழுசாகப் படிக்க முடியாமல் லேப்டாப்பை அவரிடம் நீட்டிவிட்டேன். கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு நிதானமாகப் படித்தார். அணு ஆராய்ச்சியில் முப்பது வருஷமாக இருக்கும் மனுஷன், எதையும் சுலபத்தில் நம்ப மாட்டார். “இந்தப் பையன் சொல்றது சரிதான்மா. செய்யச் சொல்லு” என்றார். அம்மா உடனே போய் விளக்கேற்றினாள். நான் பாத்ரூமில் குழாயைத் திறந்துவிட்டு அழுதேன். இந்தத் தடவை வேறு மாதிரி அழுகை.

செய். ஆனால் அவசரப்படாதே. ஷிஃப்ட் முடிந்து தூக்கக் கலக்கத்தில் உட்காராதே. எதைச் செருகுகிறாய் என்று திறந்து பார்த்துவிட்டுச் செருகு.

இன்னொன்று. பெயர் வராது என்றால், யார் பதிவு எது என்று யாராவது கேட்டுத்தான் சொல்ல வேண்டும். என்னை நம்பிப் பேசியதை என் புருஷனுக்குக் கேட்கக் கொடுக்க எனக்கு உரிமை கிடையாது. அதனால் நேற்றும் இன்றும் குப்பங்களுக்குப் போய் நடந்ததை ஒவ்வொருத்தரிடமும் சொன்னேன். எனக்குப் பயம்தான். நம்பிக்கையைக் கெடுத்துவிட்டாய் என்று யாராவது சொல்லிவிட்டால் என்ன செய்வது?

கொக்கிலமேட்டில் வேண்டாவைப் பார்த்தேன். நான் முதன்முதலில் பழகியது அவளோடுதான். ஐம்பது வயது இருக்கும். ஐஸ் பெட்டியின் மேல் உட்கார்ந்து நான் சொன்னதையெல்லாம் கேட்டுவிட்டு, “போனா போவுது. நா இன்னா செத்தா பூட்டேன்? மறுபடி கேளு, மறுபடி சொல்றேன்” என்றாள்.

நீ சொன்ன அதே வாக்கியம். அங்கேயே மணலில் உட்கார்ந்து சிரித்துவிட்டேன். அவள் சொல்லலாம், அது அவளுடைய பேச்சு. நீ சொல்லக் கூடாது. இந்த வித்தியாசம் உனக்குப் புரிகிறதா?

என் கணவர் கேட்டால் பரவாயில்லையா என்று கேட்டதற்கு, “கேக்கட்டுமே. கேட்டாலாச்சும் இன்னா அழிச்சோம்னு தெரியட்டும்” என்றாள். மற்றவர்களும் சரி என்றுவிட்டார்கள். மீனே சாப்பிடாத பெண் மீன்காரிகளைப் பற்றிப் படிக்கிறாள் என்று முன்பே சிரிப்பார்கள். இப்போது அவள் புருஷன் அதைத் துடைத்துவிட்டான் என்று இன்னொரு சிரிப்பு கிடைத்திருக்கிறது.

மானசா

செங்கல்பட்டு
10 மார்ச் 2025

மானசா,

வந்துவிட்டது.

இதை முதல் வரியாக எழுத வேண்டும் என்று ஆரம்பத்திலிருந்தே நினைத்துக்கொண்டிருந்தேன். முழுசாக வரவில்லை, டிஸ்க்கின் தொடக்கத்தில், புதுப் பட்டியல் விழுந்த இடத்தில் இருந்த சில போய்விட்டன. மற்றவை வந்துவிட்டன. போட்டோக்களுக்குள் தேதி இருப்பதால் பிரச்சினை இல்லை. ஒலிப்பதிவுகள்தான் பெயர் இல்லாமல் வெறும் எண்களாக வரிசையில் நிற்கின்றன.

ஓடுகிறதா என்று பார்க்க ஒன்றைத் திறந்தேன். முதலில் காற்று. அப்புறம் ஒரு பஸ் ஹார்ன், யாரோ ஐஸ் உடைக்கிற சத்தம். அப்புறம் உன் குரல், “அக்கா, நான் ஆன் பண்ணிட்டேன்.” நாற்காலியிலிருந்து எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தேன்.

தினமும் ஷிஃப்ட் முடிந்து குளித்துவிட்டு, தூக்கக் கலக்கம் இல்லாதபோது மட்டும் உட்கார்கிறேன். ஒவ்வொன்றையும் கேட்டு, யார் என்று தெரிந்தால் பெயர், தெரியாவிட்டால் அடையாளம் எழுதிக்கொண்டு வருகிறேன். நீ ‘வேண்டாக்கா’ என்று கூப்பிடுவதால் வேண்டாவின் குரல் உடனே பிடிபட்டுவிட்டது. ஒருவர் பேச்சுக்கு நடுவே விடாமல் இருமுகிறார். இன்னொருவர் உன்னைப் ‘பாப்பா’ என்று கூப்பிடுகிறார். வேறொருவர் வீட்டில் எப்போதும் டிவி ஓடுகிறது. இவர்கள் யார் என்று எழுது. வந்தவற்றின் முழுப் பட்டியலைத் தனியாக அனுப்பியிருக்கிறேன்.

வேண்டாவின் பதிவு ஒன்றில் என்னைப் பற்றி வருகிறது. கேட்காமல் தாண்டிப் போயிருக்கலாம். கேட்டுவிட்டேன்.

“வூட்டுக்காரரு இன்னா வேல?”

“கார் கம்பெனிலக்கா.”

“நீ இப்டி குப்பம் குப்பமா சுத்திகினு கீறியே, ஒண்ணும் சொல்ல மாட்டாரா?”

“ஒண்ணும் சொல்ல மாட்டாரு.”

“கேக்கவும் மாட்டாரா?”

பிறகு நீ சொல்கிறாய், “அவருக்கு ஷிஃப்ட் இருக்கும்க்கா.”

மூன்று வருஷத்தில் நீ திரும்பி வரும்போதெல்லாம் நான் கேட்டது, பஸ் கிடைத்ததா, சாப்பிட்டாயா, இவ்வளவுதான். அங்கே யாரைப் பார்த்தாய், என்ன சொன்னார்கள் என்று ஒரு நாள்கூடக் கேட்கவில்லை. உன் வேலையில் தலையிடாமல் இருக்கிறேன் என்று எனக்கு ஒரு பெருமை வேறு இருந்தது.

இன்னொரு தடவை பேசினால் ஆச்சு என்று ஏன் என் வாயில் வந்தது என்று இப்போது தெரிகிறது. உள்ளே என்ன இருக்கிறது என்று எனக்குத் தெரியாது. இப்போது கொஞ்சம் தெரியும்.

கிருஷ்ணன்

கல்பாக்கம்
12 மார்ச் 2025

கிருஷ்ணா,

‘வந்துவிட்டது’ என்ற சொல்லை அம்மாவுக்கு மட்டும் நாலு முறை படித்துக் காட்டியிருப்பேன். மேடத்துக்கும் இப்போதுதான் ஃபோன் செய்து எல்லாவற்றையும் சொன்னேன். அழிந்ததும் கிடைத்ததும் ஒரே மூச்சில் சொன்னதால் அவருக்குத் திட்ட இடமே கிடைக்கவில்லை. மூன்று பிரதி எடுத்து மூன்று இடத்தில் வைத்துவிட்டு அப்புறம் என் முகத்தில் முழி என்றார்.

இருமுகிறவர் மெய்யூர்குப்பம் ஜெயப்பிரியா. வயசானவர் என்று நினைத்திருப்பாய், என்னைவிடச் சின்னவள். வறுவல் கடையும் போட்டிருக்கிறாள், புகைதான் காரணம். பாப்பா என்று கூப்பிடுகிறவர் அவளுடைய மாமியார். அந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வை. டிவி ஓடும் வீடு புதுப்பட்டினம். நீ கோயில் திருவிழா என்று குறித்திருப்பது திருவிழா இல்லை, மீன் ஏலம். அப்படித்தான் கத்துவார்கள்.

வேண்டாவோடு பேசியது எனக்கு ஞாபகம் இருக்கிறது. நான் உனக்காகப் பொய் சொல்கிறேன் என்று அவளுக்கு அப்போதே தெரியும். அதனால்தான் அடுத்த கேள்வி கேட்கவில்லை.

நீ கேட்காததைப் பற்றி நான் எப்போதோ கோபப்பட்டிருக்க வேண்டும். கோபப்படாமல் விட்டது என் தப்பு என்று எழுத வந்தேன். எழுதவில்லை. இது உன் கணக்கிலேயே இருக்கட்டும்.

நீ அனுப்பிய பட்டியலில் இருக்கும் நீளங்களை என் குறிப்புகளோடு ஒப்பிட்டு, போனது எது என்று பார்த்தேன். சதுரங்கப்பட்டினம் வரலட்சுமியின் பதிவுகள்தான், எல்லாமே. அவற்றில் ஒன்றைக்கூட இன்னும் எழுத்தில் எடுக்கவில்லை. வருத்தம்தான், ஆனாலும் முதல் நாள் மாதிரி இல்லை. அவளிடம் சொல்லிவிட்டேன். ஞாயிற்றுக்கிழமை விற்றுவிட்டு வந்ததும் உட்காரலாம் என்றாள். இந்த ஞாயிறு அவள் தம்பி வீட்டு விசேஷம், அதற்கடுத்த ஞாயிறு.

அப்பாவுக்குக் கன்சோல் என்ன ஆயிற்று என்று தெரிய வேண்டுமாம். மகள் வாழ்க்கை ஒரு பக்கம் இருக்க, இவருக்கு அது.

மானசா

செங்கல்பட்டு
20 மார்ச் 2025

மானசா,

கடைசிப் பதிவுக்கும் பெயர் வைத்துவிட்டேன். நீ சொன்ன மாதிரி ஊர், பெயர், தேதி. தேதி தெரியாததில் மாதம். அதுவும் தெரியாத சிலவற்றுக்கு, பேச்சில் வரும் மழையையும் மீன்பிடித் தடைக் காலத்தையும் வைத்து நானாக யூகித்திருக்கிறேன். அவற்றுக்குப் பக்கத்தில் கேள்விக்குறி போட்டிருக்கிறேன். நீ பார். மூன்று பிரதியும் எடுத்தாகிவிட்டது.

இதெல்லாம் முடியும்வரை கன்சோலைத் தொடக் கூடாது என்று இருந்தேன். முந்தாநாள் முடிந்தது, நேற்று கிரிஷ் வீட்டுக்கு வந்தான். இன்னொரு டிஸ்க் கொண்டுவந்திருந்தான். இந்த முறை மேலே பெரிதாகச் சீட்டு ஒட்டி, திறந்து பார்த்து, அவனையும் பார்க்கச் சொல்லி, அப்புறம்தான் ஃபார்மட் கொடுத்தேன். சிரித்துச் சிரித்து அவனுக்கு விக்கல் வந்துவிட்டது. கேம்களைத் துண்டாகப் பிரித்து ஏற்றினோம். ஒன்றும் சொல்லாமல் ஏறிக்கொண்டது. கன்சோலில் செருகியதும் பட்டியலில் ஐந்தும் வந்து நின்றன.

பந்து உருட்டி மரக்கட்டைகளை விழவைக்கும் கேமைத் திறந்தேன். ஆடுபவர்களாக நீங்கள் அன்று செய்துவைத்த பொம்மைகள் அப்படியே இருக்கின்றன. உன் பொம்மைக்கு இரட்டைப் பின்னல். உன் அப்பாவுக்குக் கன்னம் வரை கிருதா. நான் ஆடவில்லை. அணைத்துவிட்டேன். முதலில் நீங்கள் ஆட வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை எனக்கு லீவு. கன்சோலைக் கொண்டுவந்து மாமாவிடம் கொடுத்துவிட்டுப் போய்விடுவேன். நீ சதுரங்கப்பட்டினத்துக்குத் தனியாகத்தான் போக வேண்டும் என்றால் சரி. வரலாம் என்றால், பையைத் தூக்கிக்கொண்டு வருகிறேன். பேச மாட்டேன்.

கிருஷ்ணன்

கல்பாக்கம்
25 மார்ச் 2025

கிருஷ்ணா,

நேரிலேயே சொல்லியிருக்கலாம். ஆனால் நீ பஸ் ஏறும்போது பின்னால் ஒரு கூட்டம் தள்ளிக்கொண்டிருந்தது. தவிர, எனக்கு இப்படி எழுதுவது பழகிவிட்டது.

பேச மாட்டேன் என்று எழுதிவிட்டுத்தான் வந்தாய். அதில் நீ நிற்காததற்கு நன்றி.

ஞாயிற்றுக்கிழமை வரலட்சுமியிடம் எடுத்த ஒலிப்பதிவைத்தான் நேற்று முழுக்கக் கேட்டுக்கொண்டிருந்தேன். நான் ஏல விலையையும் பஸ்ஸையும் கேட்டுக்கொண்டே போகிறேன். முன்பு கேட்ட அதே கேள்விகள். வரலட்சுமியும் சலிப்போடு பதில் சொல்கிறாள். நடுவில் நீ தொண்டையைக் கனைத்துக்கொள்கிறாய். “ஏம்மா, இவ்ளோ வெயிட்டத் தலைல இருந்து எறக்கி வெக்க யாரு ஹெல்ப் பண்ணுவாங்க?”

நீ லைனில் தூக்கி இறக்கும் வேலையைப் பார்க்கிறவன், உனக்கு அது தோன்றியிருக்கிறது. எனக்கு மூன்று வருஷத்தில் தோன்றவில்லை. அவள் உன் பக்கம் திரும்பி உட்கார்ந்த சத்தம்கூடப் பதிவில் கேட்கிறது.

“கடலாண்ட தூக்கி வுட எல்லாரும் கீறாங்க தம்பி. தெருவுல எறக்கணும்னா யாரு வருவா? சில வூட்ல அந்தம்மா வெளில வந்து குனிஞ்சி ஒரு கை குடுக்கும். நா அந்த வூட்டாண்டதான் மொதல்ல போவேன். வெல கம்மியா கேட்டாலும் போவேன். கை குடுக்காத தெருவுக்கு நா போறதே இல்ல.”

எந்தத் தெருவுக்குப் போவது என்பதை விலையும் பஸ்ஸும்தான் முடிவு செய்கின்றன என்று ஒரு அத்தியாயமே எழுதி வைத்திருக்கிறேன். இதைக் கேட்டபிறகு மற்ற பதிவுகளையும் திறந்து பார்த்தேன். வேண்டா சொல்லியிருக்கிறாள். ஜெயப்பிரியாவின் மாமியார் சொல்லியிருக்கிறார். போகிற போக்கில் ஒரு வரி, நான் கவனிக்காமல் அடுத்த கேள்விக்குப் போயிருக்கிறேன். மேடத்திடம் படித்துக் காட்டினேன். அந்த அத்தியாயத்தைக் கிழித்துப் போட்டுவிட்டுப் புதுசாக எழுது, மே முடிவதற்குள் முடியும் என்றார். எனக்கு வருத்தமே இல்லை. ராத்திரி படுத்ததும் தூங்கிவிட்டேன்.

நீ கிளம்பியபிறகு இங்கே நடந்ததையும் சொல்ல வேண்டும். அம்மா கேமில் அப்பாவை ஐந்து ஆட்டம் தொடர்ந்து தோற்கடித்துவிட்டாள். ரிமோட்டில் ஏதோ கோளாறு என்று அப்பா சொல்கிறார். பக்கத்து குவார்ட்டர்ஸ் ராஜாராம் மாமா வந்து ஆடிப் பார்த்துவிட்டு ரிமோட் நன்றாகத்தான் இருக்கிறது என்று சொன்னதில் இரண்டு பேருக்கும் பேச்சு இல்லை. கன்சோலை இங்கேயே விட்டுவிட வேண்டியதுதான்.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் திருக்கழுக்குன்றம் வழியாக வரும் பஸ்ஸில் வருகிறேன். இரண்டு பை, லேப்டாப், ஒரு அட்டைப்பெட்டி நிறைய அம்மா கட்டிவைத்திருக்கும் வடாமும் ஊறுகாயும். இங்கே ஏற்றிவிட அப்பா இருக்கிறார். செங்கல்பட்டு பஸ் ஸ்டாண்டில் இறக்க ஒரு கை வேண்டும்.

மானசா